மின்னலுக்குப் பிறகு திறந்த கதவு

டெக் நானா முதல் தடவை கறையான் என்றார். இரண்டாம் தடவை போனபோது வெள்ளம் என்றார். மூன்றாம் தடவை, மருமகன் கடையைத் துப்புரவாக்கும்போது பழைய வீடியோ கெசட் எல்லாவற்றையும் குப்பை லொறியில் ஏற்றிவிட்டதாகச் சொன்னார். ஒரே கெசட்டைக் கறையானும் தின்று, வெள்ளமும் கொண்டுபோய், லொறியும் ஏற்றிப்போக முடியாது. ஏதாவது ஒன்றைத்தான் நம்பலாம். நான் ஒன்றையும் நம்பவில்லை.

நான் அவிசாவளையில் ஒரு மருந்துக் கடையில் வேலை செய்கிறேன். காலாவதியான மாத்திரை அட்டையில் தேதியைச் சுரண்டிவிட்டு விற்க வருகிறவர்களையும், டாக்டரின் கையெழுத்தைத் தாங்களே போட்டுக்கொண்டு தூக்க மாத்திரைக்கு வருகிறவர்களையும் வருடக்கணக்காகப் பார்த்தவள். பொய் சொல்கிறவர்களின் முகத்தை நான் பார்ப்பதில்லை, கையைப் பார்ப்பேன். நானா கறையான் என்று சொன்னபோது அவர் கை, கண்ணாடி மேசையில் இல்லாத தூசியைத் துடைத்துக்கொண்டிருந்தது.

அவர் இப்போது தெஹியோவிட்ட டவுனில் போன் உறையும் சார்ஜரும் விற்கிறார். முன்பு அதே கடை முழுக்க வீடியோ கெசட். எங்கள் ரப்பர் தோட்டத்து லயங்களுக்கு, தொழிலாளர் வரிசை வீடுகளுக்கு, கரண்ட் வராத காலத்தில், திருவிழாவோ சடங்கோ கல்யாணமோ, டிவி, கெசட் ஓட்டுகிற டெக், ஜெனரேட்டர் மூன்றையும் வேனில் ஏற்றிக்கொண்டு அவர்தான் வருவார். அம்மாமார் பால் வெட்டப் போகும்போது குழந்தைகளை விட்டுப்போகும் பிள்ளைக் காம்பராவில், ஜன்னலுக்கெல்லாம் சாக்குக் கட்டி இருட்டாக்கி, பகலிலேயே படம் ஓடும். முஸ்லிம் அண்ணன்மாரை இங்கே நானா என்போம்; அவருடைய சொந்தப் பெயரைச் சொன்னால் டவுனில் ஒருவருக்கும் தெரியாது. டெக் நானா என்று கேட்டால் சிங்களக் கடைக்காரர்கூட வழி காட்டுவார்.

நான் தேடிய கெசட் அப்படி ஓடிய ஒரு படத்தினுடையது. கறுப்பு வெள்ளைப் படம், என் அம்மாவின் இளமைக்காலத்தது. மகளுக்காக உழைக்கிற ஒரு தகப்பனின் கதை. அம்மன் கோயில் திருவிழாவுக்கு அதைப் போட்டபோது நான் சின்னப் பிள்ளை. அதற்கு முந்திய மழைக்காலத்தில் அப்பாவைத் தோட்டத்தை ஒட்டிய ஓயா ஆறு கொண்டுபோயிருந்தது. டவுனில் சாமான் வாங்கிக்கொண்டு வந்தவர், பாலம் வழியாகச் சுற்றி வரச் சோம்பல்பட்டு, தண்ணீர் ஏறியிருந்த குறுக்கு வழியில் இறங்கிவிட்டார்.

இதைச் சொன்னதும் உங்களுக்கு ஒரு சந்தேகம் வரும் என்று எனக்குத் தெரியும். வேண்டாம். அப்பாவுக்கும் இந்தப் படத்துக்கும் முடிச்சுப் போடாதீர்கள். ஒருத்திக்குப் பழைய படம் பிடிப்பதற்கு அவளுடைய அப்பா சாக வேண்டும் என்றில்லை. எங்கள் பள்ளிக்கூடம் பாலத்துக்கு அந்தப் பக்கம். அப்பா போனபிறகு கொஞ்சக் காலம் நான் பள்ளிக்கூடம் போகவில்லை, பிறகு போனேன். சின்னப் பிள்ளைகள் அப்படித்தான்.

இணையத்தில் என்னைப்போன்ற பழைய படப் பைத்தியங்களின் குழு ஒன்று இருக்கிறது. சென்னையிலும் மலேசியாவிலும் கனடாவிலும் ஆட்கள். முதன்முதலில் தியேட்டரில் ஓடிய படத்தை ஒரு காட்சி குறையாமல் திரும்ப ஒன்று சேர்ப்பதுதான் எங்கள் வேலை. டிவிக்காரர்கள் விளம்பரத்துக்காகப் பாட்டை வெட்டியிருப்பார்கள். ஒருவர் கறுப்பு வெள்ளைக்கு வர்ணம் பூசுகிறேன் என்று கிழவிக்கும் உதட்டுச் சாயம் போட்டு வைத்திருப்பார். இன்னொருவர் பழைய வயலினுக்கு அடியில் புது டிரம் அடித்திருப்பார். நாங்கள் பழைய கெசட், டிவியில் பதிந்தது, வெளிநாட்டுக்குப் போன பிரதி என்று கிடைத்ததையெல்லாம் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்து, அசலைத் தேடுவோம். படத்தில் கை வைக்க எவனுக்கும் உரிமை இல்லை என்று அந்தக் குழுவில் அதிகம் சண்டை போட்டவள் நான்தான்.

குழுவை நடத்துகிறவர் சென்னைக்காரர், வங்கியிலிருந்து ஓய்வு பெற்றவர். என்னை மேடம் என்பார். போன வருடம் அவர் இந்தத் தகப்பன் படத்தைக் கையில் எடுத்தார். கிடைத்த பிரதி எல்லாவற்றிலும் தகப்பன் கடைசியில் ஆற்று வெள்ளத்தில் போய்விடுகிறார். வெறும் ஆறு கொஞ்ச நேரம் ஓடுகிறது, படம் முடிகிறது. நான் உடனே எழுதினேன். இது வெட்டி ஒட்டிய முடிவு, அசலில் அவர் திரும்பி வருவார், நான் என் கண்ணால் பார்த்தேன்.

குழு தீப்பிடித்தது. விவரம் கேட்டார்கள். எனக்கு அந்தக் காட்சி இன்றைக்கும் அப்படியே ஞாபகம். ஆறு பெருகி வருகிறது. தகப்பன் தலை தண்ணீரில் மறைகிறது. திரை முழுக்க ஒரு மின்னல் வெட்டுகிறது. பிறகு ஒரு கதவு திறக்கிறது. வாசலில் அவர், தோளில் துணிப்பையோடு. மகள் எழுந்து ஓடுகிறாள், அவர் அவளைத் தூக்குகிறார், சுபம். என்னோடு பிள்ளைக் காம்பராவில் உட்கார்ந்து பார்த்த மூன்று பேரிடம் கேட்டேன். ஒருத்தி இப்போது அரநாயக்கவில் கல்யாணம் கட்டி இருக்கிறாள், அவளும் மற்ற இருவரும் அதையே சொன்னார்கள்.

என்னிடம் இன்னொரு ஆதாரமும் இருந்தது. அது எங்கள் தோட்டத்து ஆட்களுக்கு மட்டும் புரியும். கோயில் திருவிழாவுக்குப் போடுகிற படம் சாவில் முடியக்கூடாது என்பது இங்கே பழக்கம். கடைசியில் யாராவது சாகிற படமென்றால், டெக் நானா அதற்கு முன்பே நிறுத்திவிட்டு ஒரு கல்யாணப் பாட்டைப் போட்டு ஆட்களை அனுப்பிவிடுவார். இந்தப் படத்தை அவர் நிறுத்தவில்லை, சுபம் வரைக்கும் ஓட்டினார். கடைசியில் சாவு இருந்திருந்தால் ஓட்டியிருப்பாரா? இதை நான் எழுதியதும் சென்னைக்காரர் அசந்துபோனார். இலங்கைக்கு வந்த பிரதியில் மட்டும் முதல் முடிவு தப்பியிருக்கலாம் என்று அவரே ஒரு கணக்குப் போட்டார்.

ஒரே ஒருவர் மட்டும் கேட்டார். ஆற்றில் போன மனிதரின் சட்டை, கதவு திறக்கும்போது நனைந்திருந்ததா? நான் யோசித்தேன். நனைந்திருக்கவில்லை. பழைய படங்களில் இந்த மாதிரிப் பிழை எத்தனையோ உண்டு என்று எழுதி அவர் வாயை அடைத்தேன்.

தீபாவளிக்கு வெளியிடுவதாக முடிவானது. அதற்குள் கெசட் வந்தால் உங்கள் முடிவுதான் அசல் முடிவு என்றார் சென்னைக்காரர். வராவிட்டால் மேடம் கண்ட கனவு என்று போட்டுக்கொள்ளலாம் என்று, சட்டை நனைந்ததா என்று கேட்டாரே, அந்தச் சட்டைக்காரர் கீழே எழுதினார். அதற்குப் பலபேர் சிரிப்புப் பொம்மை போட்டார்கள். எனக்கு உடம்பெல்லாம் பற்றி எரிந்தது. ஏழையைப் பார்த்துச் சிரித்தால்கூடப் பொறுத்துக்கொள்வேன், பொய்க்காரி என்று சிரித்தால் பொறுக்க மாட்டேன். அதனால்தான் நானாவின் கடைப் படியை அத்தனை தடவை ஏறினேன்.

ஒவ்வொரு தடவையும் அவர் பிளேன் டீ வரவழைப்பார். பொய்யைச் சொல்லுவார். பிறகு கேட்பார்.

"அம்மா சுகமா இரிக்கிறாங்களா, மகள்?"

முதலில் நான் இதைக் கவனிக்கவில்லை. கெசட்டை அவர் யாருக்கோ விற்கப் பார்க்கிறார் என்றுதான் நினைத்தேன். சென்னைக்காரர் ஒருநாள் சும்மா கேட்பதுபோல, அந்தக் கடை எந்த ஊரில் இருக்கிறது மேடம் என்று கேட்டிருந்தார். எனக்குத் தெரியாமல் இருவரும் பேசி முடித்துக்கொள்வார்களோ என்று பயந்து, நிவித்திகல என்று ஊரை மாற்றி எழுதினேன். தேடி அலையட்டும். நானா சொன்ன கறையான், வெள்ளம், லொறி மூன்றையும் குழுவில் போட்டு, இந்த மனிதர் பச்சைப் பொய் சொல்கிறார் என்றும் எழுதி வைத்தேன்.

வீட்டில் அம்மாவிடம் சொன்னேன். அம்மாவுக்கு வேலை முடிந்து ஓய்வு, முட்டி வலி, பகல் முழுக்க டிவி. யார் கதையைச் சொன்னாலும் பாதியில் புகுந்து மீதியைச் சொல்லுகிற பொம்பளை. டெக் நானா என்றதும் எழுந்து அடுப்புப் பக்கம் போய்விட்டாள்.

"அந்தப் படம் ஒங்களுக்கு ஞாபகம் இருக்காம்மா? திருவிழாவுக்குப் போட்டது."

"எந்தப் படம்?"

"அப்பங்காரன் ஆத்துல போயி, திரும்ப வருவாருல்ல, அது."

"ஒனக்கு வேற பொழப்பு இல்லையா? மருந்துக் கடையில நின்னுட்டு வந்து பழைய படத்தப் பேசிக்கிட்டு. போயி மூஞ்சக் கழுவு."

அவள் கையைப் பார்த்தேன். கழுவி வைத்திருந்த கோப்பையைத் திரும்பக் கழுவிக்கொண்டிருந்தாள்.

அன்றைக்குத்தான் என் புத்தி தப்பான பக்கம் போனது. நானா ஏன் ஒவ்வொரு தடவையும் அம்மாவைக் கேட்க வேண்டும்? அவர் பேரைக் கேட்டதும் அம்மா ஏன் எழுந்து போக வேண்டும்? அம்மா சின்ன வயதில் தாலியறுத்தவள். நானாவுக்குச் சொந்த வேன், கடை. நான் கூட்டிப் பார்த்தேன். நினைக்கவே வெட்கமாக இருந்தது, ஆனாலும் நினைத்தேன். சந்தேகம் ஒரு தடவை உள்ளே வந்துவிட்டால் பெற்ற தாய் என்றும் பார்ப்பதில்லை. டவுனுக்குச் சாமான் வாங்க அம்மா தனியாகப் போன நாட்களை எல்லாம் பஸ்ஸில் உட்கார்ந்து யோசித்தேன். பழைய சேலை ஒன்றை யார் வாங்கிக் கொடுத்தது என்றுகூட யோசித்தேன்.

தீபாவளிக்கு முந்திய போயா தினத்தன்று, பௌர்ணமி விடுமுறை என்பதால், கடை அரைநாள்தான். மத்தியான பஸ்ஸிலேயே வந்துவிட்டேன். வருகிறேன் என்று வீட்டுக்குச் சொல்லவில்லை. வேண்டுமென்றேதான் சொல்லவில்லை. லயத்து வாசலில் ஆம்பளைச் செருப்பு கிடந்தது. உள்ளே நாற்காலியில் டெக் நானா உட்கார்ந்திருந்தார், தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு. எதிரே கட்டிலில் அம்மா. நடுவில் ஸ்டூலில் ஒரு சொப்பிங் பை. பைக்குள் இருந்தது கெசட் என்று வாசலில் நின்றே தெரிந்தது.

வாசலில் நின்றே கேட்டேன். "கறையான் தின்ன கெசட் எப்பிடி நானா எங்க வீட்டுக்கு நடந்து வந்துச்சு?"

நானா எழுந்து நின்றார். அம்மாதான் பேசினாள். "சத்தம் போடாத. அவரு எனக்குக் குடுத்த வாக்குக்காகத்தான் பொய் சொன்னாரு."

"என்ன வாக்கு? ஒங்க ரெண்டு பேருக்கும் நடுவுல என்ன வாக்கு?"

நான் கேட்ட விதத்தில் இருந்ததை அம்மா புரிந்துகொண்டாள். என்னை ஏற இறங்கப் பார்த்தாள். திட்டுவாள் என்று நினைத்தேன், திட்டவில்லை. அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "அடி பாவி மகளே. மொதல்ல படத்தப் போட்டுப் பாரு. பொறகு கேளு" என்றாள்.

குழு வேலைக்காக நான் அவிசாவளையில் வாங்கிய பழைய டெக் ஒன்று வீட்டில் இருந்தது. நானாவே கெசட்டைப் போட்டு, பட்டனை அழுத்திப் பிடித்து, கடைசிக்கு ஓட்டினார். படம் கோடு கோடாக நடுங்கியது. ஆறு வந்தது. தகப்பன் தலை மறைந்தது. அப்போது திரை முழுக்க வெள்ளையாக ஒரு பட்டை அடித்து, படம் ஒரு தடவை உருண்டு நின்றது. என் மின்னல்.

மின்னல் அல்ல. ஒரு டெக்கிலிருந்து இன்னொரு டெக்குக்குப் பதியும்போது நிறுத்தித் திரும்பத் தொடங்கிய இடம். எத்தனையோ கெசட்டில் பார்த்திருக்கிறேன், பார்த்ததும் தெரியும்.

கதவு திறந்தது. அவர்தான், அதே நடிகர், ஆனால் கன்னம் நிரம்பிய இளவயசு. சட்டை காய்ந்திருந்தது. ஓடுகிற மகளின் முதுகு மட்டும் தெரிந்தது, ரெட்டைச் சடை. தகப்பன் படத்து மகளுக்குப் படம் முழுக்க ஒற்றைச் சடை. அது வேறு படம். யாருக்கும் ஞாபகமில்லாத ஏதோ ஒரு படத்தின் நடுக் காட்சி. பிறகு சுபம்.

ஜெனரேட்டர் சத்தத்துக்கு நடுவில் பேசிப் பழகிய நானா மெதுவாகப் பேசி நான் அன்றைக்குத்தான் கேட்டேன்.

"திருவிழாவில சாவக் காட்டாதீங்கன்னு எல்லாத் தோட்டத்திலயும் சொல்லுவாங்க மகள். நான் நிப்பாட்டிட்டு ஒரு பாட்டப் போட்டுட்டுப் போயிருவேன். கோயில் ஆக்கள் இந்தப் படத்தக் கேட்டிருந்தாங்க. ஒங்கம்மாவுக்கு அது எப்பிடியோ தெரிஞ்சி டவுனுக்கு நடந்தே வந்தாங்க. நிப்பாட்டிர்றேன், பயப்பிடாதீங்கன்னு சொன்னேன். அதுக்கு இவங்க என்ன சொன்னாங்க தெரியுமா?"

அம்மா டிவியைப் பார்த்துக்கொண்டே அதைத் தானே சொன்னாள். "நிப்பாட்ட வேணாம் நானா. அந்தாள வீட்டுக்குக் கொண்டாந்து விடுங்கன்னு சொன்னேன்."

"எனக்கு ஏலாதுன்னுதான் சொன்னேன்" என்றார் நானா. "பொறகு கடையில இருந்த அந்த நடிகருட படத்த எல்லாம் போட்டுப் பாத்தேன், எதுலயாவது கதவத் தொறந்துக்கிட்டு வாராரான்னு. ஒண்டுல வந்தாரு. ஒங்களுக்கு ஒரு நாளும் சொல்ல மாட்டேன்னு ஒங்கம்மாவுக்கு வாக்குக் குடுத்தேன், இனியும் ஒங்களுக்குப் பொய் சொல்ல ஏலாதுன்னு சொல்லத்தான் இன்னைக்கி வந்தேன்."

பாலத்தைப் பற்றி அம்மா சொன்னாள். அப்பா போனபிறகு நான் அந்தப் பாலத்தில் கால் வைக்க மாட்டேனாம். தூக்கிக்கொண்டு போனால் தண்ணீரைப் பார்த்துக் கத்துவேனாம். மற்றப் பிள்ளைகள் பள்ளிக்கூடம் போய் வர, நான் இந்தப் பக்கத்திலேயே நிற்பேனாம். "படம் பாத்ததுக்கு அடுத்த நாள் நீயா பையத் தூக்கிட்டுப் போன. பாலத்துல நடுவுல நின்னு திரும்பிக் கைய வேற காட்டுன."

"ஆனா பெரியவங்க எல்லாம் அந்தப் படத்த டவுன் தியேட்டர்ல பாத்திருப்பாங்களே" என்றேன். எனக்கு அப்போதும் சாட்சி வேண்டியிருந்தது.

"பாத்திருந்தாங்க. அன்னைக்கிப் புள்ளக் காம்பராவுல இருந்த அம்புட்டு பேருக்கும் தெரியும். ஒருத்தரும் வாயத் தொறக்கல. முன்னுக்கு ஒக்காந்திருந்த ஒன்னையே பாத்துக்கிட்டு இருந்தாங்க. கோயில் பொறுப்புல இருந்த கங்காணி மட்டும் எந்திரிச்சிக் கை தட்டுனாரு."

நான் அழுதேன். மறைக்கவில்லை. நானா தொப்பியைப் போட்டுக்கொண்டு, கடையில் ஆள் இல்லை என்று எழுந்தார். கடையில் மருமகன் இருப்பது எனக்குத் தெரியும், அந்தப் பொய்யை மட்டும் நான் ஒன்றும் கேட்கவில்லை. கெசட்டை ஸ்டூலிலேயே விட்டுப் போனார். மற்றதையெல்லாம் வீசினேன் மகள், இதை வீச மனசு வரல்ல என்று படியில் நின்று சொன்னார்.

குழு காத்திருந்தது. கெசட்டை அனுப்பினால் நான் பொய்க்காரி இல்லை, அப்படி ஒரு முடிவு இருந்தது என்று நிரூபணமாகிவிடும். சட்டைக்காரர் வாயை மூடுவார். ஆனால் அந்த ஆட்களையும் எனக்குத் தெரியும், நானும் அவர்களில் ஒருத்திதானே. கதவு எந்தப் படத்துக் கதவு என்று ஒரே மூச்சில் கண்டுபிடிப்பார்கள். வெள்ளைப் பட்டையைப் பெரிதாக்கி வட்டம் போடுவார்கள். ஏதோ டெக்குக்காரன் செய்த கோமாளித்தனம் என்று சிரிப்புப் பொம்மை போடுவார்கள். படத்தில் கை வைக்க எவனுக்கும் உரிமை இல்லை என்று நான் எழுதியதையே எடுத்து எனக்குப் போடுவார்கள். அதுவும் சரிதான். அவர்கள் படம் அவர்களுக்கு அசலாக இருக்கட்டும்.

கெசட்டைக் கறையான் தின்றுவிட்டது என்று எழுதினேன்.

சென்னைக்காரர் உடனே கேட்டார். கறையான் கதை பச்சைப் பொய் என்று நீங்கள்தானே எழுதினீர்கள், மேடம்? நிவித்திகலவில் ஆள் வைத்து விசாரித்தேன், அங்கே அப்படி ஒரு கடையே இல்லையாம். நீங்கள் எதையோ மறைக்கிறீர்கள். மனிதர் சரியாகத்தான் பிடித்தார். என் கை மருந்துக் கடைக் கண்ணாடி மேசையில் இல்லாத தூசியைத் துடைத்துக்கொண்டிருந்ததை நல்லவேளை அவர் பார்க்கவில்லை. கடையில் கூட்டம் இருந்தது, ஒருவர் சீட்டை நீட்டிக்கொண்டு நின்றார்.

கடைசியாக ஒன்று மட்டும் கேட்கிறேன், உண்மையைச் சொல்லுங்கள் என்று அவர் எழுதினார். அப்படி ஒரு முடிவு இருந்ததா, இல்லையா?

மருந்தைக் கொடுத்து ஆளை அனுப்பினேன். பிறகு போனை எடுத்து அடித்தேன். இத்தனை வருடத்தில் அதை நான் எழுதியதும் இல்லை, யாரிடமும் சொன்னதும் இல்லை. இல்லை சார். அப்பா திரும்பி வரவில்லை.